சட்டம் தந்ததும் கைக்கு வந்ததும்

டில்லித் தமிழருள் நாள்தோறும் ரயிலில் பணிக்குச் செல்வோர் பலர். திலக் பாலம் நிலையத்தை அவர்கள் நன்கறிவர். அதற்கு அண்மையிலேயே உச்ச நீதிமன்றம் இருக்கிறது. கடந்த 40 ஆண்டுகளாக, இந்நாட்டு முஸ்லிம் பெண்டிரின் குடும்ப வாழ்வைத் தொட்ட பெரும் வழக்குகள் பல அக்கட்டிடத்திலேயே முடிவாயின. முடிவான மறுநாள் செய்தித்தாள்களில் கொட்டை எழுத்துத் தலைப்புகள் வருகின்றன. ஒரு சாரார் வெற்றி என்கின்றனர், மற்றொரு சாரார் தலையீடு என்கின்றனர். வழக்குத் தொடுத்த பெண்ணுக்கு எத்தனை ரூபாய், எந்தத் தேதியில் கைக்கு வந்தது என்பதைத் தேடிப் பார்த்தால் எளிதில் கிடைப்பதில்லை. குமாஸ்தா வேலை பார்த்துப் பழகிய நமக்கோ அக்கேள்விதான் முதலில் எழுகிறது.

நாம் சட்டம் பயின்றவரல்லோம். தீர்ப்புகளைப் பொறுமையாய்ப் படிக்கும் எவரும் அறியக்கூடியவற்றையே இங்கு எடுத்துரைக்கிறோம். எந்தச் சமயத்தாருக்கும் உபதேசம் செய்வது நம் நோக்கமன்று. ஊரை விட்டுப் பிழைக்க வந்த குடும்பங்களில் பெண் கைவிடப்பட்டால் அவள் படும் அல்லல் இருமடங்கு என்பதால், எல்லா வீட்டாரும் அறிந்திருக்க வேண்டிய செய்தி இது.

முதலில் சில சொற்களை விளக்கிவிடுவோம். இஸ்லாமிய முறையில் திருமணம், அதாவது நிக்காஹ், ஓர் ஒப்பந்தமாகும். மணமகன் மணமகளுக்கு மஹர் என்னும் தொகையைத் தர ஒப்புகிறான். அது அவளுக்கே உரிய சொத்து. தமிழ்நாட்டில் மஹர் பெயரளவில் நின்றுவிட, பெண் வீட்டார் மாப்பிள்ளைக்குக் கொடுக்கும் கைக்கூலி பெருந்தொகையாகிவிட்ட ஊர்களும் உண்டு. சமயம் ஒரு திசையில் செல்லச் சொன்ன பணத்தை வழக்கம் நேர் எதிர்த் திசையில் செலுத்திவிட்டது! கணவன் மணவிலக்குச் சொல்வது தலாக். அதன்பின் மனைவி மறுமணம் செய்யாது காத்திருக்கும் ஏறக்குறைய மூன்று மாத காலம் இத்தா. இந்த இத்தா என்னும் சொல்லை வாசகர்கள் நினைவில் இருத்திக்கொள்ள வேண்டும். பின்வரும் கதை பெரும்பாலும் அதைச் சுற்றியே செல்கிறது.

சீர்திருத்தம் என்றவுடன் அது சமூகத்துக்கு வெளியிலிருந்து திணிக்கப்படுவது என்று எண்ணுவோர் உளர். பழைய வரலாறு அவ்வாறு கூறவில்லை. வட இந்தியாவில் பெரும்பாலோர் பின்பற்றும் ஹனபி மரபில், கணவன் காணாமற் போனாலும், சோறு துணி தராது விட்டாலும், மனைவி அவனிடமிருந்து விடுபட வழி மிகக் குறுகலாயிருந்தது. மதத்தை விட்டால் திருமணம் தானே முறியும் என்று கண்டு, வேறு வழியின்றி மதம் மாறிய பெண்களும் இருந்தனர். இதனைக் கண்டு வருந்திய மௌலானா அஷ்ரஃப் அலி தானவி என்னும் பேரறிஞர், மாலிகி மரபிலிருந்து விடை எடுத்துக் காட்டினார். அதையொட்டிக் காஜி முகம்மது அகமது காஸ்மி மத்திய சட்டசபையில் கொணர்ந்த மசோதாவே 1939ஆம் ஆண்டு முஸ்லிம் திருமணக் கலைப்புச் சட்டமாயிற்று. கணவன் நான்கு ஆண்டு இருக்குமிடம் தெரியாமற் போனாலும், இரண்டு ஆண்டு பராமரிக்காது விட்டாலும், கொடுமை செய்தாலும், இன்னும் வேறு சில காரணங்களாலும் மனைவி நீதிமன்றத்தில் மணவிலக்குக் கேட்கலாம். அந்தச் சட்டம் இன்றும் நடைமுறையில் உள்ளது. மார்க்க அறிஞர் ஒருவர் வழி காட்ட, அச்சமூகத்தின் பிரதிநிதியே கொணர்ந்த சட்டம் அது.

அதற்கு ஈராண்டு முன்னர், 1937இல், ஷரீஅத் சட்டம் வந்தது. பெண்ணுக்குச் சொத்தில் பங்கில்லை என்று கூறிய உள்ளூர் வழக்கங்களை நீக்கி, மார்க்கம் வகுத்த பங்கினை அவளுக்கு உரியதாக்கியது. ஆனால் விவசாய நிலத்தை மட்டும் அது விலக்கி வைத்தது. நிலமே சொத்தாயிருந்த நாட்டில் நிலத்தை நீக்கிவிட்டு மிச்சத்தில் பங்கு கொடுத்தார்கள்! சென்னை மாகாணம் 1949இல் திருத்தம் இயற்றி அந்த விலக்கை எடுத்துவிட்டது என்பது தமிழராகிய நாம் பெருமை கொள்ளத்தக்க செய்தி. எனினும் நம் ஊர்களில் நடப்பதென்ன? தந்தை மறைந்த பின்னர் சகோதரிகள் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு அழைத்துச் செல்லப்பட்டு, அண்ணன் தம்பிக்கு விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்திட்டுத் திரும்புகிறார்கள். இதில் இந்துப் பெண், முஸ்லிம் பெண் என்ற வேற்றுமையே இல்லை.

இனி, யாவரும் பெயரளவில் அறிந்த ஷா பானு வழக்குக்கு வருவோம். இந்தூர் நகரில் வக்கீலாயிருந்த முகம்மது அகமது கான் என்பவரை அவர் மணந்தது 1932இல். ஐந்து மக்களைப் பெற்று, 43 ஆண்டுகள் கழிந்த பின், 1975இல் வீட்டைவிட்டு வெளியேற்றப்பட்டார். 1978 ஏப்ரலில், குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125ஆம் பிரிவின் கீழ் மாதம் 500 ரூபாய் கேட்டு மனுச் செய்தார். அக்காலத்தில் அப்பிரிவு அனுமதித்த உச்ச வரம்பே அவ்வளவுதான். அதே ஆண்டு நவம்பரில் கணவர் தலாக் சொன்னார்; மஹர்த் தொகை 3,000 ரூபாயை நீதிமன்றத்தில் கட்டிவிட்டு, இத்தா கால ஜீவனாம்சமும் தந்தாயிற்று, இனித் தமக்குக் கடமையில்லை என்றார். 1979 ஆகஸ்டில் மாஜிஸ்திரேட் விதித்த ஜீவனாம்சம் எவ்வளவு தெரியுமா? மாதம் 25 ரூபாய். 1980 ஜூலையில் மத்தியப் பிரதேச உயர் நீதிமன்றம் அதனை 179 ரூபாய் 20 காசாக உயர்த்தியது. இந்த 179 ரூபாயைத் தரமாட்டேன் என்றுதான் வக்கீலான அக்கணவர் டில்லிவரை வந்தார்.

1985 ஏப்ரல் 23 அன்று, தலைமை நீதிபதி ஒய்.வி. சந்திரசூட் தலைமையில் ஐவர் கொண்ட அமர்வு அவர் மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்தது. தன்னைத் தானே காத்துக்கொள்ள இயலாத மனைவிக்குச் சோறிடும் கடமை எல்லாச் சமயத்தாருக்கும் பொது என்பதே தீர்ப்பின் சாரம். அம்மட்டோடு நீதிபதிகள் நின்றிருக்கலாம். மத நூலுக்கு விளக்கம் கூறியதும், பொதுச் சிவில் சட்டம் வேண்டுமென எழுதியதும் பலர் மனத்தைப் புண்படுத்தின என்பது நம் எண்ணம். கிளர்ச்சி மூண்டது. அந்த ஆண்டே முதியவரான ஷா பானு, தமக்கு அத்தீர்ப்பு வேண்டாமெனப் பகிரங்கக் கடிதம் வெளியிட்டார். ஏழாண்டு அலைந்து பெற்ற 179 ரூபாயை அவர் எந்த நெருக்கடியில் துறந்திருப்பார் என்பதை வாசகர்களே ஊகித்துக்கொள்ளலாம். மறு ஆண்டு, 1986 மே மாதத்தில், ராஜீவ் காந்தி அரசாங்கம் முஸ்லிம் பெண்கள் மணவிலக்கு உரிமைப் பாதுகாப்புச் சட்டத்தை இயற்றியது. அரசின் போக்கை எதிர்த்து மந்திரி ஆரிஃப் முகம்மது கான் பதவி விலகினார்.

இச்சட்டத்தால் மணவிலக்குப் பெற்ற பெண்ணுக்கு மூன்று மாதச் சோற்றோடு கணவன் கடமை தீர்ந்தது என்றே நாடு முழுவதும் பேசினார்கள். ஆனால் சட்டத்தின் 3ஆம் பிரிவில் ஒரு நுட்பம் இருந்தது. கணவன் நியாயமான ஏற்பாட்டையும் ஜீவனாம்சத்தையும் இத்தா காலத்துக்குள் செய்து கொடுக்கவேண்டும் என்பது அதன் பொருள். தமிழில் சொன்னால் இதன் நயம் உடனே புலப்படும். ‘இத்தா காலத்துக்கு’ என்றிருந்தால் மூன்று மாதச் செலவு மட்டுமே. ‘இத்தா காலத்துக்குள்’ என்றால், அவள் வாழ்நாளுக்கு வேண்டிய ஏற்பாட்டையே அந்த மூன்று மாதத்துக்குள் செய்து முடிக்கவேண்டும் என்றாகிறது. ‘உள்’ என்னும் ஒரு சிறு சொல்லில் ஒரு பெண்ணின் முதுமைக் காலமே அடங்கிக் கிடந்தது.

கேரள உயர் நீதிமன்றமும் குஜராத் உயர் நீதிமன்றமும் 1988லேயே இவ்வாறு பொருள் கொண்டன. வேறு சில நீதிமன்றங்கள் அதற்கு மாறாகக் கொண்டன. ஷா பானுவுக்காக வாதாடிய வழக்கறிஞர் டேனியல் லதீஃபியே புதிய சட்டத்தை எதிர்த்து வழக்குத் தொடுத்தார். 2001 செப்டம்பர் 28 அன்று உச்ச நீதிமன்றம் சட்டத்தைச் செல்லும் என்று ஏற்று, ‘உள்’ என்பதற்குரிய பொருளையே உறுதிசெய்தது. சட்டம் வந்து தீர்ப்பு வர 15 ஆண்டுகள்! ஷா பானு 1992லேயே காலமாகிவிட்டார். அந்தப் பதினைந்து ஆண்டுகளில் ஒரே சட்டத்தின் கீழ் எர்ணாகுளத்துப் பெண்ணுக்கு ஒரு நீதியும் வேறோர் ஊர்ப் பெண்ணுக்கு வேறொரு நீதியும் கிடைத்தன. மாஜிஸ்திரேட் ஒரு சொல்லை எவ்வாறு படித்தார் என்பதே அவள் தலைவிதியாயிற்று.

அதே சட்டத்தின் 4ஆம் பிரிவு இன்னும் விசித்திரமானது. இத்தாவுக்குப் பின்னும் தன்னைக் காத்துக்கொள்ள இயலாத பெண்ணை அவளுடைய மக்கள், பெற்றோர், உறவினர் காக்கவேண்டும். அவர்களுக்கும் வசதியில்லையேல் மாநில வக்பு வாரியம் காக்கவேண்டும். ஏட்டில் அழகாகத்தான் இருக்கிறது. நம் தமிழ்நாட்டுப் பெண்மணி ஒருவர் வக்பு வாரியத்தின் மீது நேரே மனுச் செய்தபோது, முதலில் உறவினர் ஒவ்வொருவர் மீதும் வழக்காடிவிட்டு வா என்பது போல் வாரியம் ஆட்சேபித்தது. பெற்ற பிள்ளை மீதும், வயது சென்ற தகப்பன் மீதும், ஏழை அண்ணன் மீதும் தனித்தனியே வழக்காடி ஒவ்வொருவரும் ஏழை என்று நிரூபித்துவிட்டு வரவேண்டுமாம். அவ்வழக்கும் டில்லிவரை வந்தது. அவ்வாறு படிப்படியாக ஏறி இறங்க வேண்டியதில்லை, உறவினரின் இயலாமையை ஒரே வழக்கில் எடுத்துக்காட்டி வாரியத்திடம் கேட்கலாம் என்று 1996இல் உச்ச நீதிமன்றம் கூறியது. பட்டினி கிடப்பவளை வாசல் வாசலாக அனுப்பும் விதியை எழுதியவர், தாம் ஒரு நாளேனும் ஓர் அலுவலக ஜன்னலின்முன் வரிசையில் நின்றிருப்பாரா என்பது ஐயமே.

ஜீவனாம்சம் கேட்டால் தலாக் சொல்லிவிடுவது ஒரு வழக்கமாகவே ஆயிற்று. மனைவி மனுக் கொடுத்த பின்னர், ‘இவளை எப்போதோ தலாக் செய்துவிட்டேன்’ என்று பதில் மனுவில் எழுதிக் கொடுப்பார்கள். அந்தக் காகிதமே தலாக் ஆகிவிடும். ஷமீம் ஆரா வழக்கில் 2002 அக்டோபர் 1 அன்று உச்ச நீதிமன்றம் இதனை ஒப்பவில்லை. தலாக்குக்குத் தக்க காரணம் வேண்டும், இரு தரப்பிலும் ஒவ்வொரு நடுவர் இருந்து சமாதானம் செய்ய முயன்றிருக்கவேண்டும், தலாக் சொன்னதற்கு நிரூபணமும் வேண்டும் என்றது. 2007இல் நம் டில்லி உயர் நீதிமன்றத்தில் நீதிபதி பதர் துர்ரேஸ் அகமது, ஒரே மூச்சில் மும்முறை கூறிய தலாக்கை ஒரு தலாக்காகவே கொள்ளவேண்டும் என்று விளக்கினார். சென்னையில் வழக்கறிஞர் பதர் சயீத் தொடுத்த வழக்கில், காஜிகள் வழங்கும் தலாக் சான்றிதழ் அவர்தம் அபிப்பிராயமேயன்றிச் சட்ட வலிமை உடையதன்று என 2017 ஜனவரியில் உயர் நீதிமன்றம் ஆணையிட்டது. அதே ஆண்டு ஆகஸ்டு 22 அன்று, காசீப்பூரைச் சேர்ந்த ஷாயரா பானு முதலியோரின் வழக்கில், உச்ச நீதிமன்றம் மூவருக்கு இருவர் என்ற பெரும்பான்மையில் முத்தலாக்கைச் செல்லாதென நீக்கியது. பாகிஸ்தானில் 1961லேயே, தலாக்கை எழுத்து மூலம் அதிகாரியிடம் அறிவித்து 90 நாள் கழியவேண்டும் என்று விதி வந்துவிட்டது. நாம் அதைவிட 56 ஆண்டுகள் பிந்தினோம்.

2019ஆம் ஆண்டுச் சட்டம் மேலும் ஒரு படி சென்றது. முத்தலாக் சொல்வதைக் குற்றமாக்கி, மூன்றாண்டு வரை சிறைத்தண்டனை விதிக்க வகைசெய்தது. மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் பிழைப்பூதியம் உண்டு என்றும் கூறியது. இதில் நமக்கு ஒரு தயக்கம் உண்டு. செல்லாத சொல்லைச் செல்லாது என்பது நன்று. ஆயினும் சிறையிலிருப்பவன் சம்பளம் வாங்குவதில்லை, சம்பளம் இல்லாதவனிடம் பிடித்தமும் இல்லை. கணவன் சிறைக்குப் போனால் அவன் சுற்றத்தார் அந்தப் பெண்ணை வீட்டில் வைத்திருப்பார்களா? சட்டத்துக்கு அஞ்சுகிறவன் வாய் திறந்து தலாக் சொல்லாமலே பெட்டியைத் தூக்கிக்கொண்டு சென்றுவிடுவதும் உண்டு. அப்போது அவள் மனைவியுமல்லள், மணவிலக்குப் பெற்றவளுமல்லள். இத்தகையவளுக்கு 2019ஆம் ஆண்டுச் சட்டத்தில் ஒன்றுமில்லை; 80 ஆண்டு மூத்த 1939ஆம் ஆண்டுச் சட்டத்தில்தான் வழி இருக்கிறது.

கைவிட்டுச் செல்லுதல் ஒரு சமயத்தாருக்கே உரிய தீமை என்று எவரும் இறுமாந்திருக்கவேண்டா. அலுவலகச் சம்பளப் பட்டியல்களில் நீதிமன்ற ஆணைப்படி மனைவிக்கு ஜீவனாம்சம் பிடித்தம் எழுதுவதுண்டு. அப்பெயர்களை வாசித்தால் எல்லாச் சமயத்தாரும் அதில் இருக்கக் காண்கிறோம். ஆகவே பெண்ணின் துன்பத்தைக் காட்டி அண்டை வீட்டாரை இழித்துரைப்பவர்களை நாம் நம்புவதற்கில்லை. அதேபோல், சமூகத்தின் மானம் என்று கூறி அவளை வாய்மூடச் சொல்பவர்களையும் நாம் ஏற்பதற்கில்லை.

ஊரில் பெரும்பாலான வழக்குகள் நீதிமன்றத்துக்கு வருமுன் பள்ளிவாசல் ஜமாஅத்தில் பேசப்படுகின்றன. அங்கு அமர்வோர் ஆண்கள். பெண்ணின் குறையை அவள் சார்பில் தந்தையோ சகோதரனோ உரைக்கவேண்டும். புதுக்கோட்டையில் ஷரீபா கானம் என்பவர் பெண்களே கூடிப் பெண்களின் வழக்கைக் கேட்கும் ஜமாஅத் ஒன்றை அமைத்தார். எதிர்ப்பு மிகுந்திருந்தும் பல மாவட்டப் பெண்கள் அங்கு வந்து தம் கதையைத் தம் வாயால் கூறினர். கடல் கடந்த இலங்கையிலோ, 1951ஆம் ஆண்டு முஸ்லிம் விவாக விவாகரத்துச் சட்டம் மணப்பெண்ணின் கையொப்பத்தையே கோரவில்லை. தன் திருமணப் பதிவில் தன் பெயரைத் தானே எழுதும் உரிமைக்காக அந்நாட்டுத் தமிழ் பேசும் முஸ்லிம் பெண்கள் பல்லாண்டு போராட நேர்ந்தது. பெண் பேசுவதற்கு ஓர் இடம், கையெழுத்திடுவதற்கு ஒரு கோடு! இவ்வளவு சிறியவற்றிலிருந்துதான் தொடங்கவேண்டியிருக்கிறது.

இப்பொழுது நிலை என்ன? 2024 ஜூலை 10 அன்று நீதிபதிகள் பி.வி. நாகரத்னா, அகஸ்டின் ஜார்ஜ் மசீ ஆகியோர் தெலங்கானாவிலிருந்து வந்த வழக்கொன்றில் தீர்ப்பளித்தனர். மணவிலக்குப் பெற்ற முஸ்லிம் பெண் 1986ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழும் கேட்கலாம், எல்லாருக்கும் பொதுவான 125ஆம் பிரிவின் கீழும் கேட்கலாம்; ஒன்று மற்றொன்றைத் தடுக்காது என்பது முடிவு. அவ்வழக்கில் குடும்ப நீதிமன்றம் விதித்த இடைக்கால ஜீவனாம்சம் மாதம் 20,000 ரூபாய். உயர் நீதிமன்றம் அதை 10,000 ஆகக் குறைத்திருந்தது. 1985இல் நின்ற இடத்துக்கே 39 ஆண்டுகள் கழித்துத் திரும்பி வந்தோம் என்று கூறலாம். 500 ரூபாய் உச்ச வரம்பும் 2001இல் நீக்கப்பட்டுவிட்டது. 2024 ஜூலை 1 முதல் பழைய நடைமுறைச் சட்டத்துக்குப் பதில் புதிய சன்ஹிதை வந்திருப்பதால், அந்த 125ஆம் பிரிவு இப்போது 144ஆம் பிரிவாயிற்று.

நம்மைப் போன்ற குடும்பங்கள் இதில் கவனிக்க வேண்டியவை சில உள. கணவன் டில்லியில் உத்தியோகம் பார்க்க, மனைவி கீழக்கரையிலோ மேலப்பாளையத்திலோ பெற்றோர் வீட்டில் இருக்கிறாள் என்று வைத்துக்கொள்வோம். இடையில் 2,000 கிலோமீட்டருக்கும் மேற்பட்ட தூரம். வழக்காட டில்லிக்கு வரவேண்டுமே என்று அஞ்சி வாளாவிருந்தோர் உண்டு. அந்த அச்சம் தேவையில்லை. ஜீவனாம்ச மனுவைக் கணவன் இருக்கும் ஊரிலும் கொடுக்கலாம், மனைவி வசிக்கும் ஊரிலும் கொடுக்கலாம், இருவரும் கடைசியாகச் சேர்ந்து வாழ்ந்த ஊரிலும் கொடுக்கலாம். 1986, 2019 ஆகிய இரு சட்டங்களின் கீழும் அவள் வசிக்கும் பகுதி மாஜிஸ்திரேட்டே விசாரிக்கவேண்டும். கணவனோடு டில்லிக்கு வந்து இங்கே கைவிடப்பட்டவளுக்கு இந்நகர நீதிமன்றங்களே உள்ளன; ஹிந்தி தெரியாதது தடையாகாது. 1987ஆம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தின்படி எந்தப் பெண்ணுக்கும், வருமானம் எவ்வளவாயினும், இலவச வழக்கறிஞர் பெறும் உரிமையுண்டு. மாவட்ட நீதிமன்ற வளாகங்களில் அதற்கென அலுவலகங்கள் இருக்கின்றன. 15100 என்ற தொலைபேசி எண்ணிலும் விசாரிக்கலாம்.

மகளை மணமுடித்துக் கொடுக்கும் பெற்றோர், பள்ளிவாசலின் நிக்காஹ் தப்தரில் மஹர்த் தொகை தெளிவாக எழுதப்பட்டதா என்று பார்த்து, அன்றே நகல் பெற்றுக்கொள்ளல் வேண்டும். தமிழ்நாட்டில் 2009ஆம் ஆண்டுச் சட்டப்படி எல்லாச் சமயத் திருமணங்களையும் அரசுப் பதிவேட்டிலும் பதிவது கட்டாயம். இதைப் பலர் இன்றும் அசட்டை செய்கின்றனர். பெண்ணுக்குப் போட்ட நகை, கொடுத்த சாமான் ஆகியவற்றுக்கு ஒரு பட்டியல் எழுதி இரு தரப்பிலும் கையெழுத்து வாங்கி வைப்பதைக் கௌரவக் குறைவாக எண்ணுகின்றனர். மணவிலக்கானால் அவையெல்லாம் அவளுக்குத் திரும்பவேண்டும் என்பது 1986ஆம் ஆண்டுச் சட்டம். பட்டியல் இன்றேல் எதைக் கேட்பது?

மற்றுமொன்று. 2020 நவம்பர் 4 அன்று உச்ச நீதிமன்றம், கணவன் மனைவி இருவரும் தத்தம் வருவாயையும் சொத்தையும் சத்தியப் பிரமாணமாக எழுதித் தரவேண்டும் என்றும், ஜீவனாம்சத்தைத் தீர்ப்பு நாளிலிருந்து கணக்கிடாது மனுக் கொடுத்த நாளிலிருந்தே கணக்கிடவேண்டும் என்றும் எல்லா நீதிமன்றங்களுக்கும் பொதுவாக விதித்தது. வழக்கு ஈராண்டு இழுத்தாலும் அந்த ஈராண்டுப் பணமும் அவளுக்கு உரியதாகும். ஆகையால் மனுவைக் கொடுக்கும்போது அதன் நகல் ஒன்றையும் உடன் நீட்டி, அதில் அன்றைய தேதி முத்திரை தெளிவாக விழுந்திருக்கிறதா என்று பார்த்த பின்னரே ஜன்னலை விட்டு அகலவேண்டும்.